பில்லாவுக்கு முன்னால் நின்றவர்: கே. பாலாஜி என்ற இரண்டாமவரின் கதை

பில்லா என்றதும் நம் தலைமுறைக்கு அஜித்தின் கறுப்புக் கண்ணாடி நினைவுக்கு வரும். அப்பா தலைமுறைக்கு ரஜினி. இன்னும் கொஞ்சம் விஷயம் தெரிந்தவர்கள், "அதெல்லாம் அமிதாப்போட 'டான்' படம்பா" என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்கள். இந்த மூன்று பெயர்களுக்கும் நடுவில் ஒருவர் நிற்கிறார். 1980இன் 'பில்லா'வைத் தயாரித்தவர் அவர். அதே படத்தில் டி.எஸ்.பி. அலெக்சாண்டராக நடித்தவரும் அவர்தான். பெயர் கே. பாலாஜி.

தமிழ் சினிமா வரலாறு என்று நாம் வாசிப்பது பெரும்பாலும் நாயகர்களின் வரலாறு. அதை விட்டால் இயக்குநர்களின் வரலாறு. தயாரிப்பாளரைப் பற்றிப் பேச்சு வந்தால் ஏவிஎம், ஜெமினி, மாடர்ன் தியேட்டர்ஸ் என்று ஸ்டூடியோ முதலாளிகளோடு நின்றுவிடும். சொந்தமாக ஸ்டூடியோ இல்லாமல், நாயகனாகவும் நிலைக்காமல், இருபது வருடங்களுக்கு மேல் வரிசையாகப் படம் எடுத்த நடிகன் ஒருவனை எந்தக் கணக்கில் வைப்பது? பாலாஜியை வைக்க நமக்கு இடம் கிடைக்காததற்கு இன்னொரு காரணமும் உண்டு. அவர் எடுத்தவற்றில் பெரும்பாலானவை ரீமேக் படங்கள். இலக்கிய வாசகர்களுக்கு அந்தச் சொல்லே கொஞ்சம் இளக்காரம்.

பாலாஜி பிறந்தது 1934இல். ஐம்பதுகளின் தொடக்கத்தில், ஜெமினியின் 'ஔவையார்' (1953) காலத்தில், சிறு வேடங்களில் திரைக்கு வந்தார். நல்ல உயரம், களையான முகம், தெளிவான பேச்சு. ஒரு நாயகனுக்கு வேண்டியதெல்லாம் இருந்தது. ஆனால் எம்.ஜி.ஆர்., சிவாஜி, ஜெமினி என மூன்று பெரிய மரங்கள் நிழல் பரப்பியிருந்த காலம் அது. அந்த நிழலில் வளர்ந்தவர்கள் எல்லாரும் அண்ணனாகவோ தம்பியாகவோ நண்பனாகவோ துரோகியாகவோதான் வளர முடிந்தது.

அவருக்குப் பேர் வாங்கித் தந்தது ஏ. பீம்சிங் இயக்கிய 'படித்தால் மட்டும் போதுமா' (1962). சிவாஜி படிக்காத கோபால். பாலாஜி படித்த ராஜு. தம்பிக்குப் பார்த்த பெண்மேல் ஆசைப்பட்டு, கடிதம் எழுதி, இரண்டு வீட்டுச் சம்பந்தத்தையும் மாற்றிவிடுகிற அண்ணன். சிவாஜிக்கு அழவும் சிரிக்கவும் கத்தவும் காட்சிகள் இருந்தன. பாலாஜிக்கு வாய்த்ததோ உள்ளுக்குள்ளேயே அழுகிப்போகும் ஒரு மனிதன். அழகாக உடுத்தி, மரியாதையாகப் பேசி, தப்பைத் தெரிந்தே செய்கிறவன். படத்தின் தலைப்பு கேட்கிற கேள்விக்கு உதாரணமே அவர்தான். படித்தவன் நல்லவன் என்ற நம்பிக்கை பலமாக இருந்த சமூகத்தில், படித்த அயோக்கியனை நம்பும்படி நடித்துக் காட்டுவது சின்ன வேலை இல்லை.

அதன் பிறகு அவருக்குக் கிடைத்த பல வேடங்களில் இந்தச் சாயல் உண்டு. பணக்கார வீட்டுப் பையன், ஏமாற்றுகிற காதலன், பொறாமைப்படும் சகோதரன். 'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தில் சிங்கபுரம் மைனர். அந்தப் படத்தில் நாகேஷ், மனோரமா, பாலையா என்று எல்லாரும் ஆளுக்கொரு பக்கம் திரையைப் பிடுங்கிக்கொண்டு போகிறார்கள். அதற்கு நடுவே அலட்டிக்கொள்ளாமல் வந்து உட்கார்ந்து, ஒரு பண்ணை வீட்டின் திமிரைப் பார்வையிலேயே காட்டிவிட்டுப் போவார் பாலாஜி. குணச்சித்திர நடிகன் என்றால் அதுதான். கதை தன்னைப் பற்றியது இல்லை என்று தெரிந்தும் கதைக்கு வேண்டியதைக் கொடுத்துவிட்டு ஒதுங்குகிறவன்.

இந்த ஒதுங்கி நிற்கும் இடத்திலிருந்து ஒரு விஷயம் நன்றாகத் தெரியும். படம் எதனால் ஓடுகிறது என்பது. நாயகன் தன்னால் ஓடுகிறது என்று நினைப்பான். இயக்குநர் தன்னால் என்பார். இரண்டாமவனுக்கு அந்த மயக்கம் இல்லை. அடுத்த படத்தில் அவனை எடுத்துவிட்டு வேறொருவரைப் போட்டாலும் படம் ஓடும் என்பது அவனுக்குத் தெரியும். பாலாஜியைத் தயாரிப்பாளர் ஆக்கியது இந்தத் தெளிவுதான் என்பது என் எண்ணம்.

1966இல் 'அண்ணாவின் ஆசை' வந்தது. நிறுவனத்தின் பெயர் சுஜாதா சினி ஆர்ட்ஸ். சுஜாதா அவருடைய மகளின் பெயர். 'புதிய பறவை'யை இயக்கிய தாதா மிராசி இயக்கம், ஜெமினி கணேசனும் சாவித்திரியும் ஜோடி. அடுத்த வருடமே சிவாஜியை வைத்து 'தங்கை'. இயக்கம் ஏ.சி. திருலோகசந்தர். அங்கிருந்து ஒரு நீண்ட வரிசை தொடங்குகிறது. 'என் தம்பி', 'திருடன்', 'எங்கிருந்தோ வந்தாள்', 'ராஜா', 'நீதி', 'என் மகன்', 'உனக்காக நான்', 'தீபம்', 'தியாகம்', 'நல்லதொரு குடும்பம்' என்று சிவாஜியை வைத்தே பத்துக்கும் மேற்பட்ட படங்கள்.

அன்றைய சினிமா வியாபாரம் எப்படி நடந்தது என்று தெரிந்தால்தான் இந்த வரிசையின் கனம் புரியும். ஸ்டூடியோக்கள் சம்பளத்துக்கு ஆள் வைத்துப் படம் எடுத்த காலம் அறுபதுகளில் தேய்ந்துகொண்டிருந்தது. தனித் தயாரிப்பாளர் என்பவர் கடன் வாங்கிப் பூஜை போடுவார். நட்சத்திரத்தின் பெயரைக் காட்டி விநியோகஸ்தர்களிடம் ஏரியா ஏரியாவாக முன்பணம் வாங்குவார். வட்டி ஓடிக்கொண்டே இருக்கும். படப்பிடிப்பு ஒரு மாதம் தள்ளிப்போனால் லாபம் கரைந்துவிடும். இரண்டு மாதம் தள்ளிப்போனால் வீடு கரைந்துவிடும்.

ஏரியாக்களில் ஒன்று நம்முடையது. தமிழ்த் திரை வியாபாரத்தில் இன்றைக்கும் வெளிநாட்டு உரிமையை 'எஃப்.எம்.எஸ். உரிமை' என்று சொல்லும் பழக்கம் உண்டு. வெளிநாடு, மலேசியா, சிங்கப்பூர் என்று இப்போது அதற்கு விரிவு சொல்கிறார்கள். ஆனால் அந்தச் சுருக்கத்தின் வேர் பிரிட்டிஷ் காலத்துக் கூட்டு மலாய் மாநிலங்கள் என்ற நிர்வாகப் பெயர் என்பார்கள். வேடிக்கை என்னவென்றால் பேராக், சிலாங்கூர், நெகிரி செம்பிலான், பகாங் ஆகிய நான்கும்தான் அந்தக் கூட்டு மாநிலங்கள். பினாங்கு அதில் சேர்த்தியே இல்லை. அது நீரிணைக் குடியேற்றங்களில் ஒன்று. கோடம்பாக்கத்துக் கணக்குப் புத்தகத்துக்கு அந்த வித்தியாசம் தேவைப்படவில்லை. கடலுக்கு அந்தப் பக்கம் தமிழ் பேசுகிறவன் டிக்கெட் வாங்குவான், அது போதும். இந்தக் கணக்குப் புத்தகம் கட்டுரையின் கடைசியில் மறுபடி தேவைப்படும்.

வட்டி ஓடும் தொழிலில் பாலாஜி கண்டுபிடித்த வழி ரீமேக். இன்னொரு மொழியில் ஓடிய படத்தின் உரிமையை முறையாக விலை கொடுத்து வாங்குவது. கதை விவாதத்துக்கு மாதக்கணக்கில் செலவழிக்காமல், தமிழுக்கு எதை மாற்ற வேண்டும் என்று மட்டும் யோசிப்பது. வேகமாக எடுத்து முடிப்பது. 'என் தம்பி'யும் 'திருடன்' படமும் தெலுங்கிலிருந்து வந்தவை. 'எங்கிருந்தோ வந்தாள்' இந்தி 'கிலோனா'. 'ராஜா' என்பது 'ஜானி மேரா நாம்', 'நீதி' என்பது 'துஷ்மன்', 'உனக்காக நான்' என்பது 'நமக் ஹராம்'. 'தீபம்' மலையாளத்துத் 'தீக்கனல்'. வங்காளத்தில் உத்தம் குமார் நடித்த 'அமானுஷ்'தான் 'தியாகம்'.

சி.வி. ராஜேந்திரன், கே. விஜயன், ஆர். கிருஷ்ணமூர்த்தி என்று நம்பிக்கையான இயக்குநர்களை மாற்றி மாற்றி வைத்துக்கொண்டார். சென்டிமெண்ட்டும் இருந்தது. அவர் படங்களில் நாயகன் பெயர் பெரும்பாலும் ராஜா, நாயகி பெயர் ராதா. 'பில்லா'விலேயே பாருங்கள்: பில்லாவைப் போலவே இருக்கும் தெருக்கூத்தாடியின் பெயர் ராஜப்பா, நாயகி ராதா. 'விதி'யிலும் ராஜா, ராதா. குடியரசு நாளில் படத்தை வெளியிடும் பழக்கமும் தெரிகிறது. 'ராஜா', 'தீபம்', 'பில்லா', 'தீ', 'வாழ்வே மாயம்' எல்லாமே ஜனவரி 26ஆம் தேதி வந்தவை. பொங்கல் கூட்டத்தில் முட்டிமோதாமல், அது அடங்கியதும் வரும் விடுமுறையைப் பிடிப்பது. இதைச் சென்டிமெண்ட் என்பதா, வியாபாரக் கூர்மை என்பதா!

சரி, இதில் கலை எங்கே இருக்கிறது? நியாயமான கேள்விதான்.

நாம் மொழிபெயர்ப்பாளர்களைக் கொண்டாடுகிறோம். ருஷ்ய நாவலைத் தமிழில் தந்தவரின் பெயரை அட்டையில் தேடிப் பார்க்கிறோம். ரீமேக் என்றால் மட்டும் முகம் சுளிக்கிறோம். இரண்டும் ஒன்று என்று நான் வாதாட வரவில்லை. மொழிபெயர்ப்பாளன் மூலத்துக்குக் கடன்பட்டவன், ரீமேக் எடுப்பவன் டிக்கெட் கவுண்டருக்குக் கடன்பட்டவன். ஆனாலும் ஒரு கதை இன்னொரு ஊருக்குப் பிழைக்கப் போகும்போது என்ன ஆகிறது என்ற கேள்வி இரண்டுக்கும் பொது. புலம்பெயர்ந்த சமூகமான நமக்கு அது கொஞ்சம் நெருக்கமான கேள்வியும்கூட.

'டான்' படத்தையே எடுத்துக்கொள்வோம். அதைத் தயாரித்த நரிமன் இரானி ஓர் ஒளிப்பதிவாளர். முந்தைய படத் தயாரிப்பில் பெரும் கடனில் விழுந்தவர். அந்தக் கடனை அடைக்க நண்பர்கள் சேர்ந்து கைகொடுத்த படம்தான் 'டான்'. படம் முடிவதற்குள் இரானி ஒரு விபத்தில் இறந்துபோனார். 1978இல் படம் வெளிவந்து பெரிய வெற்றி அடைந்ததை அவர் பார்க்கவில்லை. அதில் வரும் பனாரஸ் பீடாப் பாட்டு முதலில் படத்திலேயே இல்லை. பிற்பாதி மூச்சுவிட இடமில்லாமல் இறுக்கமாக இருக்கிறது என்று மனோஜ் குமார் சொன்னதால் பிறகு சேர்த்தது. பாலாஜி அந்தக் கதையைத் தமிழுக்குக் கொண்டுவந்தபோது பீடா வெற்றிலையானது. கங்கைக்கரை மனிதன் நம்மூர்க் கூத்தாடி ஆனான். எம்.எஸ். விஸ்வநாதன் இசையில் அந்த வெற்றிலைப் பாட்டைப் பாடியவர் மலேசியா வாசுதேவன். இங்கே பிறந்து, வாய்ப்புத் தேடிக் கப்பலேறிப் போய், ஊர்ப் பெயரையே அடைமொழியாகச் சுமந்த குரல். ஒரு கடன்காரரின் கடைசி நேரப் பாட்டு மொழி மாறி, இசை மாறி, மலேசியத் தொண்டை வழியாகத் தமிழ்நாட்டுக் கிராமத்துத் திருவிழா ஒலிபெருக்கிக்குப் போய்ச் சேர்ந்தது. இதை வெறும் நகல் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

'பில்லா' இன்னொரு காரியமும் செய்தது. 1979இல் ரஜினி உடல்நலம் குன்றி மருத்துவமனை வரை போய்வந்தார். இனி அவ்வளவுதான் என்ற பேச்சு திரையுலகில் இருந்தது. அந்த நேரத்தில் அவரை நம்பி, அதுவும் இரட்டை வேடத்தில், பணம் போட்டார் பாலாஜி. 1980 ஜனவரி 26க்குப் பிறகு அந்தப் பேச்சு நின்றது. படத்தில் டி.எஸ்.பி. அலெக்சாண்டர் என்ன செய்கிறார்? தெருவில் ஆடிப் பாடும் ஒருவனைக் கூட்டி வந்து, நடை சொல்லிக்கொடுத்து, உடை மாட்டி, பில்லாவாக்கி அனுப்புகிறார். அந்த ரகசியம் தெரிந்த ஒரே ஆள் அவர்தான். அவர் செத்தால் ராஜப்பாவை நம்ப ஆளில்லை. ஒரு தயாரிப்பாளர் தனக்கென்று எடுத்துக்கொள்ள இதைவிடப் பொருத்தமான வேடம் கிடைக்காது.

1984இல் வந்த 'விதி' வேறு வகை. டி. காமேஸ்வரி எழுதிய தெலுங்கு நாவல், 'நியாயம் காவாலி' என்று தெலுங்குப் படமாகி, பாலாஜியிடம் வந்தது. ஏமாற்றப்பட்ட பெண் ஒருத்தி, ஏமாற்றியவனை நீதிமன்றத்தில் நிறுத்துகிறாள். அவளுக்காக வாதாடுவது ஒரு பெண் வக்கீல். எதிரே நிற்கும் வக்கீல், பையனின் அப்பா. மோகனும் பூர்ணிமாவும் சுஜாதாவும் ஜெய்சங்கரும் நடித்த அந்தப் படத்தின் வசனம் ஆரூர்தாஸ். பாட்டுக் கேசட்டுக்குச் சமமாக வசனக் கேசட் விற்றது. தேநீர்க் கடைகளில் நீதிமன்ற வாதம் ஒலித்தது. பெண் தன் மானம் போனதை மூடி மறைக்க வேண்டும், கட்டிவைத்தால் சரியாகிவிடும் என்று சொல்லிவந்த தமிழ்ப் படங்களுக்கு நடுவே, கேள்வி கேட்க வேண்டியது அவள்தான் என்று சொன்ன படம் அது. ஒரு பெண் எழுத்தாளர் எழுதிய கோபம் இத்தனை மொழி தாண்டியும் அணையாமல் வந்தது. மேடைத்தனமான படம்தான், மறுக்கவில்லை. ஆனால் அந்த மேடைத்தனம் இல்லாவிட்டால் அது தேநீர்க் கடை வரை வந்திருக்காது.

எல்லா ரீமேக்கும் இப்படிப் பிழைக்கவில்லை. 'தீவார்' படத்தின் கோபம் எழுபதுகளின் பம்பாய்க்குச் சொந்தமானது. தொழிற்சங்கம், துறைமுகக் கூலி, நடைபாதைத் தூக்கம், கடத்தல் பணம் எல்லாம் சேர்ந்து உருவாக்கிய கோபம் அது. 'தீ'யில் ரஜினி இருக்கிறார், கதையின் எலும்பு இருக்கிறது, அந்த நகரம் இல்லை. கதை பயணம் போகும், ஊர் போகாது. பாலாஜியின் வழிமுறைக்கு இருந்த எல்லை இதுதான். கதைக்குப் புது ஊரைக் கண்டுபிடித்தபோது படம் உயிர் பெற்றது. கண்டுபிடிக்காதபோது அடுத்த வீட்டுச் சட்டையை இரவல் வாங்கிப் போட்டது போல இருந்தது.

பினாங்கில் உட்கார்ந்து இதைப் பேசும்போது பி. ரம்லியைத் தாண்டிப் போக முடியாது. அவரும் இரண்டாமவராகத் தொடங்கியவர்தான். 1929இல் இங்கே சுங்கை பினாங்கில் பிறந்தவர். பாடக் கேட்டு அவரைச் சிங்கப்பூருக்கு அழைத்துப்போன இயக்குநர் பி.எஸ். ராஜ்ஹன்ஸ் இந்தியாவிலிருந்து வந்தவர். 1948இல் 'சிந்தா' படத்தில் ரம்லிக்குக் கிடைத்தது வில்லன் வேடம். 1950இல் 'பக்தி' படத்தில் அவரை முதலில் நாயகனாக்கியவர் எல். கிருஷ்ணன், மதராஸில் பிறந்து பினாங்கில் வளர்ந்தவர். அந்நாளைய மலாய் சினிமாவே இந்தியக் கதைகளையும் இந்தியப் பாட்டு மரபையும் வாங்கித் தனக்கேற்ப மாற்றிக்கொண்டுதான் நடை பழகியது. அந்தப் பள்ளிக்கூடத்தில் படித்த ரம்லி, 1955இல் 'பெனாரெக் பெச்சா' என்று ஒரு ரிக்‌ஷாக்காரனின் கதையைத் தானே இயக்கினார். இரவல் வாங்கிய மொழியில் தன் தெருவைப் பேச வைத்தார்.

ஆனால் ரம்லிக்கு ஒரு பாலாஜி வாய்க்கவில்லை. 1964இல் கோலாலம்பூருக்கு வந்து மெர்டேக்கா ஸ்டூடியோவில் குறைந்த வசதிகளோடு படம் எடுத்தார். வண்ணப் படங்களின் காலம் வந்துவிட்டது, அவர் கறுப்பு வெள்ளையிலேயே இருந்தார். 1973இல், 44 வயதில், கையில் ஒன்றுமில்லாமல் இறந்தார். இன்று அவர் பெயரில் பினாங்கில் சாலை இருக்கிறது, பிறந்த வீடு காட்சியகமாக இருக்கிறது. மேதைமை மட்டும் இருந்தால் போதாது, கணக்குப் பார்க்கத் தெரிந்த, அதே சமயம் சினிமாவை உள்ளிருந்து நேசிக்கிற ஒருவர் பக்கத்தில் வேண்டும் என்பதற்கு ரம்லியின் கடைசி வருடங்களைவிடச் சாட்சி வேண்டியதில்லை. பாலாஜியிடம் ரம்லியின் மேதைமை கிடையாது. ரம்லிக்குக் கிடைக்காத தொழில் அறிவு பாலாஜியிடம் இருந்தது.

இனி அந்த எஃப்.எம்.எஸ். கணக்குப் புத்தகத்துக்கு வரலாம். 2007இல் 'பில்லா' மறுபடி எடுக்கப்பட்டபோது கதை நம் நாட்டுக்கே வந்துவிட்டது. விஷ்ணுவர்தன் இயக்கத்தில் அஜித் மலேசியாவில் வாழும் தாதா. கண்ணாடிக் கோபுரங்கள், விரைவுச்சாலைகள், பத்துமலை முருகன் சிலை. அதுவரை டிக்கெட் வாங்கும் ஏரியாவாக மட்டும் இருந்த மலேசியா, படத்தின் ஊராகவே ஆனது. நமக்கெல்லாம் பெருமைதான், சும்மா சொல்லக்கூடாது. தியேட்டரில் நம்மூர்ச் சாலை வந்தாலே விசில் பறந்தது.

படம் வெளியான தேதி 2007 டிசம்பர் 14. அதற்கு முந்தைய நாள், டிசம்பர் 13, ஹிண்ட்ராஃப் தலைவர்கள் ஐந்து பேர் உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தில் கைதானார்கள். மூன்று வாரம் முன்பு, நவம்பர் 25 விடியலில், அதே பத்துமலைக் கோயில் வளாகத்தில் கூடியிருந்த தமிழர்கள்மேல் தண்ணீர் பீய்ச்சப்பட்டது, கண்ணீர்ப்புகை வீசப்பட்டது. திரையில் அதே முருகன் சிலைக்கு முன்னால் பாட்டும் ஆட்டமும். எந்தப் படத்துக்கும் மூன்று வாரத்துக்குப் பின் வரப்போவது தெரியாது, அதற்காக யாரையும் குறை சொல்ல முடியாது. ஆனால் கதை போகும், ஊர் போகாது என்று மேலே சொன்னேன் அல்லவா? இங்கே நடந்தது அதன் மறுபக்கம். ஊரின் கட்டடங்கள் படத்துக்குள் வந்தன, ஊரின் மனிதர்கள் வரவில்லை. தமிழன் ஒருவன் ஏன் இந்த நாட்டில் அடியாள் ஆகிறான் என்ற கேள்வி அந்தப் பளபளப்பில் எங்கும் ஒட்டவில்லை.

அந்தக் கேள்வியை 2015இல் கேட்டது சஞ்சய் குமார் பெருமாளின் 'ஜகாட்'. தோட்டத்தை விட்டு வெளியேற்றப்பட்ட குடும்பங்கள், புறம்போக்குக் குடியிருப்பு, பள்ளிக்கூடத்தில் ஒட்டாத ஒரு சிறுவன், அவனைச் சுற்றி வளரும் குண்டர் உலகம். மறு வருடம் மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படம் என்ற விருதை அந்தத் தமிழ்ப் படம் வாங்கியது. அதே 2016இல் முதல் பில்லாவான ரஜினியே 'கபாலி'யில் மலேசியத் தாதாவாக வந்து நின்றார். இந்த முறை தோட்டப் பாட்டாளியின் வரலாற்றையும் கையில் எடுத்துக்கொண்டு.

பாலாஜி இதையெல்லாம் பார்க்கவில்லை. 2009 மே 2ஆம் தேதி சென்னையில் காலமானார். இறந்தபோது சில செய்திகள் அவரை மோகன்லாலின் மாமனார் என்று அறிமுகப்படுத்தின. அதுவும் உண்மைதான். கடைசி வரைக்கும் இன்னொருவரின் உறவாகவே அறியப்படுவது குணச்சித்திர நடிகனின் தலையெழுத்து போலும்.

நம்மிடம் இன்று கதை சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். நடிக்கத் துடிக்கிறவர்கள் இருக்கிறார்கள். கைப்பேசியிலேயே குறும்படம் எடுத்துப் பதிவேற்றுகிற பிள்ளைகள் சுங்கை பினாங்கிலும் பட்டர்வொர்த்திலும் இருக்கிறார்கள். முதல் படத்தோடு காணாமல் போகிற இயக்குநர்களும் நிறையவே இருக்கிறார்கள். அவர்களுடைய இரண்டாவது படத்துக்குப் பணம் புரட்டி, தேதி குறித்து, வட்டியைத் தாங்கி, தோற்றாலும் மூன்றாவதற்குப் பூஜை போடுகிற ஆள்தான் இல்லை. இரவல் கதையை வைத்து பாலாஜி செய்ததை, சொந்தக் கதையை வைத்துச் செய்ய ஒருவர் வர வேண்டும். அவர் பெரும்பாலும் நாயகனாக இருக்க மாட்டார். நம் குறும்படங்களில் இரண்டாவதாகவோ மூன்றாவதாகவோ வரும் பெயர்களைக் கொஞ்சம் கவனித்துப் பாருங்கள்.